கல்லுக்குப் பின்னால் இருக்கும் சுவர்

2021 நவம்பர் மழையில் ஒருநாள் விடியற்காலை, மயிலாப்பூர் வீட்டு ஹாலில் அண்டா உருண்டதுபோல ஒரு சத்தம். ஓடிப்போய் விளக்கைப் போட்டால், டி.வி.க்குப் பக்கத்தில் தரையில் நான்கு கல் பட்டைகள் கிடந்தன. கல் மட்டும் வரவில்லை. கல்லின் முதுகில் ஒட்டிக்கொண்டு சுவரின் காரையும் விரல் கனத்துக்குப் பெயர்ந்து வந்திருந்தது. முந்தின நாள் மாலை அதே இடத்தில்தான் என் பேத்தி உட்கார்ந்து படம் வரைந்துகொண்டிருந்தாள்.

அந்தக் கற்களை ஒட்டச் சொன்னது நான். வேண்டாம் என்று ஒருவர் சொல்லியும் கேட்கவில்லை. அதன் பிறகு இன்னும் இரண்டு சுவர்களில் கல் பதிக்கும் வேலையைப் பக்கத்தில் நின்று பார்த்துவிட்டேன். ஒன்று தி. நகரில் தங்கை வீட்டு ஹால், இன்னொன்று பெசன்ட் நகரில் சிநேகிதி வீட்டு முகப்பு. இரண்டும் நன்றாக இருக்கின்றன. முதல் சுவர் ஏன் விழுந்தது, மற்ற இரண்டும் ஏன் நிற்கின்றன என்று எழுதிவைத்தால், வீட்டில் கல் சுவர் வைக்க ஆசைப்படும் யாருக்காவது உதவும்.

கடைகளில் இதற்கு 'ஸ்டாக் ஸ்டோன்', 'லெட்ஜ் ஸ்டோன்' என்று பல பெயர். கொத்தனார்களுக்கு எல்லாமே 'கிளாடிங்'தான். அரை அங்குலம் முதல் ஒன்றரை அங்குலம் வரை கனமுள்ள கல் பட்டைகளை, நடுவில் சாந்து தெரியாமல், ஏற்ற இறக்கமாக அடுக்கிச் சுவரில் ஒட்டுவது. தூரத்திலிருந்து பார்த்தால் தோட்டத்து எல்லையில் சாந்தில்லாமல் அடுக்கிய கல் சுவர் மாதிரி இருக்கும். அந்தச் சுவரில் ஒவ்வொரு கல்லும் கீழே இருக்கிற கல்லின்மேல் உட்கார்ந்திருக்கும். நம் கோயில் சுவர்களும் அப்படித்தான், கனமே அவற்றைப் பிடித்து வைத்திருக்கிறது. ஹாலில் நாம் ஒட்டுகிற கல்லோ சுவரைப் பிடித்துத் தொங்குகிறது. கனம் இங்கே பலம் இல்லை, பாரம். இந்த வித்தியாசம் எனக்கு உறைக்கவே இரண்டரை வருஷம் ஆயிற்று.

எங்கள் வீடு சித்திரக்குளம் பக்கம். மாமனாரின் அப்பா கட்டியது. மேலே தேக்கு உத்தரத்தின்மேல் செங்கல்லைச் செங்குத்தாக நிறுத்திச் சுண்ணாம்பில் பதித்த மெட்ராஸ் டெரஸ். சுவர்கள் ஒன்றரையடிக்குக் குறையாத செங்கல், சுண்ணாம்புச் சாந்து, அதன்மேல் சுண்ணாம்புப் பூச்சு. ஹாலின் மேற்குச் சுவரில் அடியில் கொஞ்சம் சுண்ணாம்பு பொரிந்து உதிரும். வருஷத்துக்கு ஒருமுறை சுரண்டி வெள்ளையடிப்போம். அந்த அசிங்கத்தை ஒரேயடியாக மறைத்துவிடலாம் என்றுதான் கல் யோசனையே வந்தது. இதைத் திரும்பப் படியுங்கள்: மறைத்துவிடலாம் என்று. முதல் தப்பு அதுதான்.

2019 மே மாதம் வேலையை ஆரம்பித்தோம். அந்த வருஷக் கோடையைச் சென்னைக்காரர்கள் மறக்க முடியாது. பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் நான்கும் வறண்டு கிடந்தன. ஜூலை 12-ஆம் தேதி ஜோலார்பேட்டையிலிருந்து வில்லிவாக்கத்துக்கு ரயிலில் தண்ணீர் வந்தது. எங்கள் கிணறும் போரும் அடிமட்டத்துக்குப் போயிருந்தன. அதனால் நான் பார்த்த சுவர் எலும்புபோலக் காய்ந்திருந்தது. கையால் தடவினால் புழுதிதான். ஓதம் என்ற பேச்சுக்கே இடமில்லை என்று நினைத்தேன். நிலத்தடி நீரே இல்லாத வருஷத்தில் சுவர் காய்ந்திருப்பது சுவரின் குணம் ஆகாது என்று அப்போது தோன்றவில்லை.

எங்கள் வீட்டுக்கு வழக்கமாக வரும் கொத்தனாருக்கு அப்போது அறுபதுக்கு மேல். சுவரைக் கரண்டிக் காம்பால் நாலு இடத்தில் தட்டினார். "அம்மா, இது சுண்ணாம்புச் சுவரு. மூச்சு விடுற சுவரு. கல்ல வெச்சு மூடுனா உள்ள முட்டிக்கும். இந்தக் காரையும் அம்மாங் கனத்தைத் தாங்காது. வேணாம்மா" என்றார். கல் கடையில் இருந்தவரோ, "எந்தச் சுவர்லயும் பிடிக்கும் மேடம், பேஸ்ட்டு அப்படி" என்றார். நான் கடைக்காரர் பேச்சைக் கேட்டேன்.

கனத்தை இப்போது கணக்குப் போட்டுச் சொல்கிறேன். ஸ்லேட், கருங்கல், குவார்ட்ஸைட் எல்லாமே ஏறக்குறைய ஒரு கன மீட்டருக்கு 2.7 டன் எடை. ஒரு அங்குலம், அதாவது 25 மில்லிமீட்டர் கனமுள்ள கல் சதுர அடிக்குச் சுமார் 6.3 கிலோ வரும். எங்கள் சுவர் 12 அடி நீளம், 9 அடி உயரம், 108 சதுர அடி. ஏறக்குறைய 680 கிலோ கல், அதற்குமேல் ஒட்டுச் சாந்தின் எடை. முக்கால் டன்னை, எண்பது வருஷச் சுண்ணாம்புப் பூச்சின் மெல்லிய தோலில் தொங்கவிட்டிருக்கிறோம். அமெரிக்கக் கட்டட விதிகளில் வெறும் ஒட்டினால் மட்டுமே நிற்கும் கல்லுக்குச் சதுர அடிக்கு 15 பவுண்டு, அதாவது 6.8 கிலோ என்று ஒரு வரம்பு உண்டு. அதற்கு மேல் போனால் கம்பியோ கிளாம்போ போட்டுச் சுவரோடு இறுக்க வேண்டும். ஒன்றரை அங்குலக் கல் அந்த வரம்பைத் தாண்டிவிடும். கடையில் பெட்டியைத் தூக்கிப் பாருங்கள். எத்தனை சதுர அடிக்கு எத்தனை கிலோ என்று கேளுங்கள். அவருக்குத் தெரியாவிட்டால் தராசில் வைக்கச் சொல்லுங்கள்.

மயிலாப்பூர் சுவருக்குள் நடந்தது என்ன என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் சென்னையில் தரைத்தளத்தில் இருக்கும் எந்தப் பழைய வீட்டுக்கும் இது பொருந்தும். அந்தக் காலத்து அஸ்திவாரங்கள் பலவற்றில் ஈரத்தைத் தடுக்கும் அடுக்கு இல்லை. செங்கல் விளக்குத்திரி மாதிரி. நிலத்து நீரை இரண்டு அடி, மூன்று அடிவரை உறிஞ்சி ஏற்றும். நீரோடு சேர்ந்து மண்ணின் உப்பும் ஏறும். கடலுக்கு ஒரு கிலோமீட்டர் இரண்டு கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிற மயிலாப்பூரில் உப்புக்குக் குறைவில்லை. சுண்ணாம்புப் பூச்சு இருந்தவரை அந்த ஈரம் வெளியே வந்து காற்றில் காய்ந்துவிடும். உப்பு மட்டும் வெள்ளையாகப் பூத்து, பூச்சைக் கொஞ்சம் உதிர்க்கும். நாம் வருஷாவருஷம் சுரண்டி வெள்ளையடித்ததுதான் அந்தச் சுவருக்கு வைத்தியம். அதை நான் நோய் என்று நினைத்துவிட்டேன்.

கல்லை ஒட்டியதும் ஈரத்துக்கு வழி அடைபட்டது. 2019 கடைசியில் மழை பெய்து கிணறு ஏறியது. 2020 பொங்கல் சமயத்தில் கல் இடுக்குகளில் வெள்ளை வெள்ளையாகக் கோடு தெரிந்தது. துடைத்தேன். திரும்ப வந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கும் படுக்கையறையில், முன்பு மூன்றடியோடு நின்ற ஈரக்கறை நாலரை அடிக்கு ஏறிவிட்டது. ஒரு பக்கம் அடைத்தால் நீர் இன்னொரு பக்கமாகவும் இன்னும் உயரமாகவும் போகும், அவ்வளவுதான் விஷயம். வெளியே வர முடியாத உப்பு கல்லுக்கும் காரைக்கும் நடுவில் படிகமாகக் கட்டியது. படிகம் வளர இடம் வேண்டும், அந்த இடத்தை அது காரையைப் பிளந்து எடுத்துக்கொண்டது. 2021 நவம்பரில், 2015-க்குப் பிறகு சென்னை பார்த்த பெருமழையில், மேற்சொன்ன சத்தம் கேட்டது.

இதில் இன்னொரு பங்கும் உண்டு. 2019 மே மாதத்தில் குழாயில் தண்ணீர் வராததால் ஒட்டுச் சாந்தைக் குழைக்க லாரித் தண்ணீரைப் பயன்படுத்தினோம். வாயில் வைக்க முடியாத உப்பு. குடிக்கிற தரத்தில் இல்லாத தண்ணீரை எந்தச் சாந்துக்கும் ஊற்றாதீர்கள். ஒரு சுவருக்கு நாலைந்து குடம்தான் செலவாகும். கேன் தண்ணீர் வாங்கினாலும் மொத்தச் செலவில் அது தெரியாது.

2022 பிப்ரவரியில் எல்லாக் கல்லையும் எடுத்தோம். அதே பழைய கொத்தனார்தான் வந்தார். "நான் அப்பவே சொன்னேன்" என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. பாதிக் கல் கையால் இழுத்ததும் வந்துவிட்டது. அது எனக்குப் பயத்தையே தந்தது. இத்தனை நாள் இதன் கீழேதான் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தோம்.

உப்பை எடுக்க ஒரு வழி மாமல்லபுரத்திலிருந்து கிடைத்தது. கடற்கரைக் கோயில் எட்டாம் நூற்றாண்டில் ராஜசிம்மப் பல்லவன் கட்டியது. கருங்கல்தான் என்றாலும் உப்புக்காற்று அதன் சிற்பங்களை அரித்துவிட்டது. தொல்லியல் துறையினர் சவுக்குத் தோப்பு வைத்துக் காற்றைத் தடுத்ததோடு, காகிதக்கூழைக் கல்லின்மேல் அப்பி உப்பை உறிஞ்சி எடுக்கும் முறையையும் பல வருஷமாகச் செய்துவருகிறார்கள். எனக்குத் தெரிந்த ஒரு கட்டடக்கலைஞர் அதையே வீட்டுச் சுவருக்கும் செய்யலாம் என்றார். மை அச்சு இல்லாத வெள்ளைக் காகிதத்தையும் டிஷ்யூவையும், பேட்டரிக்கு ஊற்றும் டிஸ்டில்டு தண்ணீரில் ஊறவைத்து அரைத்து, காரையை நீக்கிய செங்கல்மேல் அரை அங்குலத்துக்கு அப்பினோம். கூழ் காயும்போது சுவருக்குள் இருக்கும் உப்புநீரை இழுத்துக்கொள்ளும். காய்ந்து தானே சுருண்டதும் உரித்து, வெளியே கொண்டுபோய்ப் போட்டுவிட வேண்டும். நான்கு தடவை செய்தோம். முதல் தடவை உரித்த கூழ் உப்பளத்துச் சட்டிபோல விறைத்திருந்தது, நான்காவது வெறும் காகிதமாக வந்தது. அதன் பிறகு வெளிச்சுவரை ஒட்டி இருந்த மழைநீர்க் குழியைத் தள்ளி வைத்தோம். 2003-ல் மழைநீர் சேகரிப்பு கட்டாயமானபோது இடமில்லை என்று சுவரை ஒட்டியே தோண்டியது அது. நல்ல காரியத்தைத் தப்பான இடத்தில் செய்திருந்தோம்.

கடைசியில் அந்தச் சுவருக்குச் சிமெண்ட் பூசவில்லை. கிளிஞ்சல் சுண்ணாம்பை ஊறவைத்து, கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீர் சேர்த்துப் பூசினோம். இதைச் செய்யத் தெரிந்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள், தேடினால் கிடைப்பார்கள். அந்தச் சுவரில் மறுபடி கல் வராது.

அதே வருஷம் ஆனி மாதம் தங்கை கூப்பிட்டாள். "அக்கா, எங்க ஹால்ல கல்லு வைக்கலாம்னு இருக்கேன். உனக்கு ஆன மாதிரி ஆயிடுமா?" தி. நகர் என்றதும் எனக்குத் தயக்கம்தான். மாம்பலத்தின் நீண்ட ஏரியை 1920-களில் தூர்த்து எழுந்த பேட்டை அது. தரைத்தள வீடுகளில் ஓதம் ஏறுவதை அங்கே நிறையப் பார்க்கலாம். ஆனால் அவள் வீடு பனகல் பார்க் பக்கம் ஒரு அடுக்குமாடியில் இரண்டாவது மாடி. கான்கிரீட் தூண், சிமெண்ட் பூச்சு. நிலத்து நீர் அங்கே எட்டாது. ஆனாலும் அந்தச் சுவருக்குப் பின்னால் குளியலறை இருக்கிறதா என்று முதலில் பார்த்தேன். இல்லை. பிறகு இரண்டு அடிக்கு இரண்டு அடி பாலிதீன் தாளை நாலு பக்கமும் டேப் போட்டுச் சுவரில் ஒட்டி இரண்டு நாள் விட்டோம். உள்பக்கம் நீர்த்துளி கோத்திருந்தால் சுவரில் ஈரம் இருக்கிறது. தாள் காய்ந்திருந்தது. நான் அதோடு விடவில்லை. கார்த்திகை வரை பொறுத்து, அடைமழை முடிந்ததும் மறுபடி ஒட்டிப் பார்க்கச் சொன்னேன். தங்கைக்குக் கோபம். கோடையில் சுவர் எப்படி ஏமாற்றும் என்று எனக்குத் தெரியும் என்பதால் விட்டுக்கொடுக்கவில்லை.

அந்த வீட்டில் ஆபத்து வேறு இடத்தில் இருந்தது. சுவரில் பெயின்ட், அதற்குக் கீழே வால்புட்டி, அதற்கும் கீழே பழைய டிஸ்டம்பர். வேலைக்கு வந்த பையன்கள் அதன்மேலேயே ஒட்ட ஆரம்பித்தார்கள். பசை எவ்வளவு உசத்தியானாலும் அது பிடிப்பது புட்டியைத்தான். புட்டி சுவரைப் பிடித்திருப்பது மாவுபோல. நிறுத்தச் சொல்லி, சிமெண்ட் பூச்சு தெரியும்வரை எல்லாவற்றையும் சுரண்டி, கொத்துளியால் நெருக்கமாகப் பொளி போட வைத்தோம். தட்டும்போது 'டொப்' என்று ஓசை வந்த இடங்களில் பூச்சையே எடுத்துவிட்டுப் புதிதாகப் பூசினோம். புதுப் பூச்சுக்கு ஒரு வாரம் தண்ணீர் தெளித்து, மொத்தம் நாலு வாரம் விட்டபிறகுதான் கல். அவசரப்பட்டால் பூச்சு சுருங்கும்போது கல்லின் பிடியும் தளரும்.

பசையைப் பற்றி. பையின்மேல் ஐ.எஸ். 15477 என்ற இந்தியத் தர எண்ணும், அதில் எந்த டைப் என்பதும் அச்சிட்டிருக்கும். டைப் 1 என்பது சாதாரணத் தரை டைல்ஸுக்கானது, கல் சுவருக்கு ஆகாது. பையின் பின்பக்கம் இயற்கைக் கல், சுவர் என்று தெளிவாகப் போட்டிருப்பதை வாங்குங்கள். குழைத்த பசை இறுகத் தொடங்கியதும் தண்ணீர் ஊற்றி இளக்குவார்கள், விடாதீர்கள். சென்னைக் காற்றில், அதுவும் மின்விசிறி ஓடினால், சுவரில் தடவிய பசை சில நிமிஷத்தில் தோல் கட்டிவிடும். விரலால் தொட்டால் ஒட்ட வேண்டும், ஒட்டாவிட்டால் வழித்துப் போட வேண்டியதுதான். சுவரில் தடவியது போதாது, கல்லின் முதுகிலும் முழுக்கத் தடவ வேண்டும். நாலு மூலையில் நாலு உருண்டை வைத்து அமுக்குகிற வழக்கம் இங்கே பரவலாக இருக்கிறது. அந்த வெற்றிடம் பூச்சிகளுக்கும் நீருக்கும் வீடு.

பையன்கள் யாரும் கல்லைக் கழுவ மாட்டார்கள். இதைக் கட்டாயம் செய்ய வையுங்கள். ஸ்லேட்டின் முதுகில் நைசான தூள் படிந்திருக்கும். பசை அந்தத் தூளோடு ஒட்டி, கல்லை விட்டுவிடும். முதல் நாளே பிரஷ் போட்டுக் கழுவி நிழலில் காயவைத்து மறுநாள் ஒட்டினோம். பட்டைகளைப் பின்னால் வலையோ பிசினோ போட்டு ஒட்டிய பேனலாக வாங்கினால், சிமெண்ட் பசை அந்தப் பிசினில் பிடிக்காது. அதற்கு எபாக்ஸி வேண்டும்.

எந்தக் கல்? நம் பல்லாவரத்துக் கருங்கல்லை வைக்கலாமே என்று எனக்கு ஆசை இருந்தது. கல்கத்தாவில் ஆங்கிலேய வணிகர் ஜாப் சார்னாக்கின் கல்லறைக்குப் பரங்கிமலை, பல்லாவரம் பக்கத்துக் கல் போனது. அந்தக் கல்லறையை வைத்துத்தான் புவியியலாளர் தாமஸ் ஹாலண்ட் அந்தப் பாறைக்குச் சார்னோக்கைட் என்று பெயரிட்டார். உலகம் முழுக்கப் புவியியல் பாடத்தில் இருக்கும் பெயர் நம் ஊர்க் கல்லுடையது. ஆனால் அது பட்டையாகப் பிளக்கிற கல் இல்லை, பள்ளிக்கரணைப் பக்கத்துக் கடைகளில் அடுக்குக் கல்லாக அது கிடைக்கவும் இல்லை. கிடைப்பது பெரும்பாலும் ஆந்திராவின் மார்க்காபூர் ஸ்லேட், ராஜஸ்தான் மணற்கல், குவார்ட்ஸைட், கடப்பாக் கல். மார்க்காபூர் ஸ்லேட்தான் ஒரு காலத்தில் பள்ளிப் பிள்ளைகள் கையில் சிலேட்டாக இருந்தது. ஏடு ஏடாகப் பிளப்பது அதன் குணம். வீட்டுக்குள் அழகு, ஆனால் ஓதமுள்ள சுவரில் அதே குணத்தால் உரியும். அதில் துரு நிறம் ஓடுகிற ரகங்கள் நனைந்தால் பழுப்புநீர் வடியும், வெளிச்சுவருக்கு வேண்டாம். கடப்பாக் கல் சுண்ணாம்புப் பாறை. எலுமிச்சையோ புளித்தண்ணீரோ பட்டால் மங்கிவிடும், அடுக்களை மேடைக்கல்லில் எல்லோரும் பார்த்ததுதான். கடையிலேயே ஒரு துண்டு வாங்கி, எலுமிச்சைச் சாறு ஒரு சொட்டு, தண்ணீர் ஒரு சொட்டு, நல்லெண்ணெய் ஒரு சொட்டு விட்டு ஒரு இரவு வைத்துப் பாருங்கள். மூன்றும் தடம் விடாத கல்தான் சாப்பாட்டு மேசைக்கும் விளக்குக்கும் பக்கத்தில் வைக்கத் தகுந்தது. தங்கை வீட்டுக்கு அப்படித் தேறியது சாம்பல் நிறக் குவார்ட்ஸைட்.

விளக்கு என்றதும் நினைவுக்கு வருவது பூஜை அலமாரிப் பக்கம். மயிலாப்பூரில் கல் சுவரின் ஓரமாகத்தான் குத்துவிளக்கு வைத்திருந்தோம். எண்ணெய் தெறித்த இடங்கள் கருத்து, கடைசிவரை போகவில்லை. கல் எண்ணெயைக் குடித்துவிட்டால் திருப்பித் தராது. கரியும் மேடுபள்ளத்தில் போய் உட்காரும். கல்லுக்குச் சீலர் அடிப்பது நல்லது, பளபளப்புப் பூச்சு இல்லாமல் உள்ளே ஊறும் வகையாக. இருந்தாலும் விளக்குக்கு இரண்டு அடி தள்ளியே கல் தொடங்கட்டும். கல்போலத் தோன்றும் நுரைப் பேனல்கள் இப்போது வருகின்றன. அவை தீப்பிடிக்கும், பூஜையறைப் பக்கமே கொண்டுபோகாதீர்கள்.

ஒட்டுவதற்கு முன்னால் எல்லாப் பெட்டிகளையும் பிரித்து, கலந்து, சுவரின் அளவுக்குத் தரையில் அடுக்கிப் பார்த்தோம். பெட்டிக்குப் பெட்டி நிறம் மாறும். ஒரு பெட்டியை ஒரு பக்கம் தீர்த்துவிட்டு அடுத்ததைப் பிரித்தால் சுவர் ஒட்டுப்போட்ட சேலைமாதிரி ஆகிவிடும். வெட்டுச் சேதத்துக்கு நூற்றுக்குப் பத்து கூட வாங்குங்கள். மிஞ்சினதைப் பரணில் போட்டுவையுங்கள், அதே நிறம் பிறகு கிடைக்காது. கீழ் வரிசைக்கு ரசமட்டம் வைத்து ஒரு மரச்சட்டத்தைச் சுவரில் அடித்து, அதன்மேல் அடுக்கச் சொன்னேன். ஒரு நாளில் மூன்று மூன்றரை அடிக்கு மேல் ஏற்றவில்லை.

எலக்ட்ரீஷியனைக் கடைசியில் கூப்பிடுவதுதான் எல்லோரும் செய்யும் பிழை. கல்லின் கனத்துக்குச் சுவிட்ச் பெட்டிகளை முன்னாலேயே வெளியே இழுக்க வேண்டும், இல்லாவிட்டால் சுவிட்ச் குகைக்குள் போய்விடும். டி.வி. மாட்டும் கம்பியின் போல்ட் கல்லைத் தாண்டிச் செங்கல்லில் பிடிக்க வேண்டும். கல்லில் மட்டும் பிடித்தால் டி.வி.யும் கல்லும் சேர்ந்து வரும். கூரையில் சுவரிலிருந்து ஆறு எட்டு அங்குலம் தள்ளி, மேலிருந்து கீழே வழியும்படி மஞ்சள் விளக்கு போட்டால் ஒவ்வொரு கல்லின் நிழலும் விழும். எதிரிலிருந்து வெள்ளை விளக்கை அடித்தால் அவ்வளவு செலவழித்த சுவர் தட்டையாகத் தெரியும்.

துடைப்பது தினசரி வேலை இல்லை, ஆனால் ஓயாத வேலை. தி. நகர்ப் புழுதி ஒவ்வொரு விளிம்பிலும் உட்காரும். ஈரத்துணி போட்டால் புழுதி சேறாகி உள்ளே இறங்கும். நாலு அங்குலப் பெயின்ட் பிரஷ், அல்லது வாக்குவம், மாதம் இருமுறை. இடுக்குகளில் பல்லி முட்டையிடும். அதனால் மேல் வரிசைக்கும் கூரைக்கும் நடுவில் இருக்கும் சந்தை அடைத்துவிடுங்கள்.

பெசன்ட் நகர் வீட்டில் வேறு கேள்வி. சிநேகிதி 20 அடி உயர முகப்பு முழுக்கக் கல் கேட்டாள். மேற்குப் பார்த்த முகப்பு. சென்னை வெயிலை நாம் குறைத்து மதிப்பிடுகிறோம். 2003 மே 31-ஆம் தேதி நுங்கம்பாக்கத்தில் 45 டிகிரி பதிவானது. கருத்த கல் அதை வாங்கி வைத்துக்கொண்டு இரவு பத்து மணிவரை உள்ளறைக்குக் கொடுக்கும். வெயிலில் விரிந்தும் மழையில் சுருங்கியும் பசையின் பிடி களைத்துப்போகும். அந்த உயரத்திலிருந்து ஒரு கல் விழுந்தால் என்ன ஆகும் என்று என் ஹாலில் நடந்ததைச் சொன்னேன். கதவின் லிண்டல் மட்டம்வரை மட்டும் கல், மேலே வெளிர்நிறப் பெயின்ட் என்று ஒப்புக்கொண்டாள். இரண்டடிக்கு ஒரு வரிசை கிளாம்ப் போட்டு இறுக்கினோம். கடல் இவ்வளவு பக்கத்தில் இருக்கும்போது கிளாம்பும் ஸ்குரூவும் 316 ரக ஸ்டெயின்லெஸ் ஸ்டீலாக இருக்க வேண்டும். சாதாரண இரும்பு துருவேறி உப்பிக் கல்லையே பிளக்கும். கல் முடியும் மேல் விளிம்பில் வெளிப்பக்கம் சரிவாக ஒரு மூடுகல், அதன் அடியில் நீர்வடியப் பள்ளம். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் இரண்டு நாள் அந்த முகப்பை அடித்தது. ஏ.சி. பைப் போட்ட ஓட்டையை அடைக்காமல் விட்டிருந்த ஒரே இடத்தில் மட்டும் நீர் இறங்கியது.

கல் வெட்டுவது பற்றிச் சொல்லாமல் விட்டால் மனசு கேட்காது. தங்கை வீட்டு மாடிப்படித் திருப்பத்தில் ஒரு பையன், இருபது வயது இருக்கலாம், மெஷின் வைத்துக் கல் வெட்டிக்கொண்டிருந்தான். முகத்தில் ஒரு கைக்குட்டை. படிக்கட்டே வெண்புகை. குவார்ட்ஸைட், மணற்கல், ஸ்லேட் எல்லாவற்றிலும் சிலிக்கா இருக்கிறது. அந்தத் தூசி நுரையீரலில் போய்ப் படிந்தால் சிலிக்கோசிஸ், அதற்கு மருந்து இல்லை. மத்தியப் பிரதேசத்து மந்த்சோரில் சிலேட்டுக்குச்சி செய்த தொழிலாளர்களை அந்த நோய் எப்படித் தின்றது என்பது மருத்துவ ஆய்வுகளில் பதிவாகியிருக்கிறது. செயற்கைக் குவார்ட்ஸ் பலகைகளை வெட்டுகிறவர்களுக்கு வந்த அதே நோயைப் பார்த்துத்தான் 2024 ஜூலை 1 முதல் ஆஸ்திரேலியா அந்தப் பலகைகளையே தடை செய்தது. நாங்கள் வேலையை மொட்டைமாடிக்கு மாற்றி, தண்ணீர் சொட்டிக்கொண்டே வெட்டும் மெஷின் வாடகைக்கு எடுத்து, என்-95 முகக்கவசம் வாங்கிக் கொடுத்தோம். கவசம் போட்டால் மூச்சு முட்டுகிறது என்று அந்தப் பையன் அரைமணிக்கு ஒருமுறை கழற்றினான். அப்போதெல்லாம் வேலையை நிறுத்தி ஓய்வெடுக்கச் சொன்னோம். ஒரு நாள் கூடுதலாக ஆனது. ஒரு நாள் கூலி கூடக் கொடுத்தோம். உங்கள் வீட்டில் கல் வெட்டும் பையனுக்கும் இதைச் செய்யுங்கள். கான்ட்ராக்டர் செய்வார் என்று விட்டுவிடாதீர்கள்.

மயிலாப்பூரில் கழற்றிய கற்களை என்ன செய்தோம் என்று கேட்பார்கள். கிணற்றடியில் துளசிமாடத்தைச் சுற்றிச் சாந்தில்லாமல் இரண்டடி உயரத்துக்கு அடுக்கினோம். அங்கே ஒவ்வொரு கல்லும் கீழே உள்ள கல்லின்மேல் உட்கார்ந்திருக்கிறது. மழையில் நனைகிறது, வெயிலில் காய்கிறது.

உங்கள் வீட்டில் கல் சுவர் வைக்கும் எண்ணம் இருந்தால், கடைக்குப் போவதற்கு முன் ஐப்பசி அடைமழைக்குக் காத்திருங்கள். நாலு நாள் விடாமல் பெய்து முடிந்ததும் அந்தச் சுவரில் ஒரு பாலிதீன் தாளை ஒட்டுங்கள். இரண்டு நாள் கழித்துக் கழற்றிப் பாருங்கள். உள்ளே ஒரு துளி இருந்தாலும் கல் வாங்காதீர்கள். முதலில் நீர் எங்கிருந்து வருகிறது என்று பார்க்க ஒரு நல்ல கொத்தனாரைக் கூப்பிடுங்கள்.